சொல்லி முடித்ததும் வேலை முடிவதில்லை

செவிலியர் ஒருவர் கேட்டிருக்கும் கேள்வியைச் சுருக்கித் தருகிறேன். "வார்டிலிருந்து வீட்டுக்குப் போகிறவர்களுக்கு மருந்து, உணவு, அடுத்து வரவேண்டிய நாள் எல்லாவற்றையும் பொறுமையாகச் சொல்லித்தான் அனுப்புகிறோம். துண்டறிக்கையும் தருகிறோம். தலையை ஆட்டிவிட்டுப் போனவர்கள் சில நாட்களில் அதே தொல்லையோடு திரும்பி வருகிறார்கள். பொதுமக்களுக்கு நடத்தும் கூட்டங்களிலும் இதே நிலைதான். மக்களின் மருத்துவ அறிவை வளர்க்க என்ன வழி?"

மருத்துவமனைப் பணியாளர்களுக்கு நோயாளிகளோடு பேசும் முறையில் பயிற்சி தருவது என் வேலை. இந்தக் கேள்வி வெவ்வேறு வாய்களிலிருந்து என்னிடம் வந்துகொண்டேயிருக்கிறது. கேட்பவர்களின் அக்கறையில் எனக்குத் துளியும் ஐயமில்லை. ஆனால் கேள்விக்குள்ளேயே ஒரு தீர்ப்பு உட்கார்ந்திருக்கிறது: குறை, நாம் சொல்வதைக் கேட்டுக்கொள்பவரிடம்தான், அவருக்கு அறிவு போதவில்லை என்று. நான் அதற்கு நேரெதிர்ப் பக்கம் நிற்கிறேன். புரியவைக்கும் பொறுப்பு சொல்பவருடையது. எதிரில் இருப்பவர் எதைப் புரிந்துகொண்டார் என்று தெரிந்துகொள்ளாதவரை நாம் சொன்னதாகவே கணக்கில்லை.

முதலில் யாருக்குப் புரிவதில்லை என்று பார்த்துவிடலாம். உடல்நலம் பற்றிய செய்தியைத் தேடி எடுத்து, விளங்கிக்கொண்டு, நம்பலாமா என்று எடைபோட்டு, தன் வாழ்க்கையில் பயன்படுத்தும் திறனையே சுகாதார எழுத்தறிவு என்கிறோம். அமெரிக்காவில் 2003-இல் நடந்த தேசியக் கணக்கெடுப்பில், மருத்துவம் சார்ந்த எழுத்துகளைச் சரளமாகக் கையாளக்கூடிய வயதுவந்தோர் 12 சதவீதம் மட்டுமே எனத் தெரியவந்தது. 2011-இல் எட்டு ஐரோப்பிய நாடுகளில் நடந்த ஆய்வில் ஏறத்தாழ 47 சதவீதத்தினருக்கு இந்தத் திறன் போதுமான அளவு இல்லை. நெதர்லாந்தில் 29 சதவீதம், பல்கேரியாவில் 62 சதவீதம் என நாட்டுக்கு நாடு வேறுபாடு இருந்தது. பள்ளிக்கூடம் எட்டாத இடங்கள் அல்ல இவை. ஆகவே "படிக்காதவர்களின் பிரச்சினை" என்று இதை ஒதுக்கிவிட முடியாது. நன்கு படித்த ஒருவரிடம் "உங்களுக்குப் புற்றுநோய்" என்று சொல்லிப் பாருங்கள். அதற்குப் பிறகு நீங்கள் பேசும் ஐந்து நிமிடத்தில் அவர் காதில் விழுவது மிகக் குறைவு. அச்சம், வலி, தூக்கமின்மை, மயக்க மருந்தின் மிச்சம் எல்லாம் சேர்ந்து எவருடைய படிப்பையும் அந்த நேரத்துக்கு முடக்கிப் போட்டுவிடும்.

இதனால்தான் இத்துறையில் உள்ளவர்கள் பொது முன்னெச்சரிக்கை என்ற முறையை வலியுறுத்துகிறார்கள். ரத்தம் எடுக்கும்போது யாருக்குத் தொற்று இருக்கிறது என்று விசாரித்துக்கொண்டிருக்காமல் எல்லோருக்கும் கையுறை அணிகிறோம் அல்லவா? அதேபோல் யாருக்குப் புரியும், யாருக்குப் புரியாது என்று முகத்தைப் பார்த்து முடிவுசெய்யாமல் எல்லோரிடமும் எளிமையாகப் பேசி, எல்லோரிடமும் சரிபார்க்க வேண்டும். அமெரிக்க அரசின் சுகாதார ஆய்வு முகமை 2010-இல் இதற்கென ஒரு முழுக் கையேட்டையே வெளியிட்டது.

முகத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது என்பதற்கு வலுவான காரணம் கூச்சம். அமெரிக்க அரசு மருத்துவமனை ஒன்றில் நடந்து 1996-இல் வெளிவந்த ஆய்வில், படிப்பதில் சிரமம் உண்டு என்று ஒப்புக்கொண்ட நோயாளிகளில் மூன்றில் இருவர் அதைத் தம் கணவரிடமோ மனைவியிடமோகூடச் சொன்னதில்லை. ஐந்தில் ஒருவர் அளவுக்கு யாரிடமுமே சொன்னதில்லை. வாழ்நாள் முழுவதும் வீட்டாரிடம் மறைத்ததை, பரபரப்பான புறநோயாளர் பிரிவில் முன்பின் தெரியாத நம்மிடம் சொல்வார்களா? "கண்ணாடியை மறந்துவிட்டு வந்துவிட்டேன்", "வீட்டில் போய் நிதானமாகப் படித்துக்கொள்கிறேன்", "மகனிடம் காட்டிவிட்டுக் கையெழுத்துப் போடுகிறேன்" என்பார்கள். படிவத்தைப் பாதி நிரப்பித் திருப்பித் தருவார்கள். மாத்திரையின் பெயரைப் படித்துச் சொல்லாமல் நிறத்தை வைத்துச் சொல்வார்கள். இவற்றைக் கவனிக்கத் தெரிந்த செவிலியர் அதைப் பற்றி ஒரு சொல்லும் பேசாமல் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, "வாருங்கள், சேர்ந்தே நிரப்பிவிடலாம்" என்பார். அந்த ஒரு வரியில் எவ்வளவு மரியாதை இருக்கிறது!

இனி நினைவாற்றலைப் பற்றி. மருத்துவர் சொன்னதில் 40 முதல் 80 சதவீதம் வரை நோயாளிக்கு உடனே மறந்துவிடுகிறது. நினைவில் நிற்பதிலும் ஏறக்குறையப் பாதி தவறாகப் பதிகிறது. ராய் கெசல்ஸ் என்ற நெதர்லாந்து உளவியலாளர் பல ஆய்வுகளைத் தொகுத்து 2003-இல் எழுதியது இது. அதிகமாகச் சொல்லச் சொல்ல மறதியும் அதிகமாகிறது. "எல்லாவற்றையும் சொல்லிவிட்டோம்" என்ற நிம்மதி நமக்குக் கிடைக்கிறது, அவருக்கோ எது முக்கியம் என்றே தெரியாமல் போகிறது. எனவே பயிற்சியில் நான் மிகுதியான நேரம் செலவிடுவது, எதைச் சொல்லாமல் விடுவது என்ற முடிவில்தான். அடுத்த முறை வரும்வரை இவர் பத்திரமாக இருக்க என்ன மூன்று விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும்? அவற்றை முதலில் சொல்லுங்கள். முதலில் கேட்டது மற்றவற்றைவிட நன்றாக மனத்தில் நிற்கும் என்பதைப் பிலிப் லே என்ற உளவியலாளர் பல ஆண்டுகளுக்கு முன்பே காட்டியிருக்கிறார். நோயின் பெயர்க்காரணம், உறுப்பு வேலைசெய்யும் விதம், பரிசோதனை எண்களின் விளக்கம் இவையெல்லாம் அவர் கேட்டால் சொல்லலாம், இல்லையென்றால் அடுத்த சந்திப்புக்கு வைத்துக்கொள்ளலாம்.

சொல்லும் அந்த மூன்றும் கண்ணுக்குத் தெரிவதாகவோ எண்ணக்கூடியதாகவோ இருக்க வேண்டும். இதயச் செயலிழப்பு உள்ளவரிடம் "மூச்சுத்திணறல் வந்தால் உடனே வாருங்கள்" என்று சொல்லி அனுப்புகிறோம். அவருக்கு எப்போதுமே கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டுதான் இருக்கிறது. எந்த அளவை வைத்து அவர் முடிவெடுப்பார்? "தினமும் காலையில் எழுந்து சிறுநீர் கழித்த பிறகு எடை பாருங்கள். மூன்று நாளில் இரண்டு கிலோவுக்கு மேல் ஏறினால் அன்றே இந்த எண்ணுக்குத் தொலைபேசியில் கூப்பிடுங்கள். இரவில் சாய்ந்து படுக்க முடியாமல் எழுந்து உட்கார வேண்டியிருந்தால் காத்திருக்காமல் கிளம்பி வாருங்கள்" என்றால், அதில் அவர் ஊகிக்க வேண்டியது எதுவும் இல்லை. "தேவைப்படும்போது", "அளவோடு", "அவ்வப்போது", "கடுமையாக இருந்தால்" போன்றவை நம் வாயில் தாமாக வந்து விழுகின்றன. அவை ஒவ்வொன்றும் முடிவெடுக்கும் சுமையை நோயாளியின் தலையில் ஏற்றுபவை.

மருந்துக் குறிப்பைப் படிப்பதற்கும் அதன்படி செய்வதற்கும் நடுவே எவ்வளவு இடைவெளி இருக்கிறது என்று காட்டிய ஓர் ஆய்வை எல்லோருக்கும் சொல்வேன். 2006-இல் வெளியானது. குறைந்த எழுத்தறிவுள்ள நோயாளிகளிடம் "இரண்டு மாத்திரைகள், நாளுக்கு இருமுறை" என்ற சீட்டைக் கொடுத்தார்கள். 71 சதவீதம் பேர் அதைச் சரியாக வாசித்துச் சொன்னார்கள். "அப்படியானால் ஒரு நாளைக்கு எத்தனை மாத்திரை? எண்ணி எடுத்துக் காட்டுங்கள்" என்றபோது நான்கை எடுத்துவைத்தவர்கள் 35 சதவீதம்தான். வாசித்துக் காட்டியதைப் புரிந்ததற்குச் சான்றாக எடுத்துக்கொண்டிருந்தால், பாதிப்பேர் கைநழுவிப் போயிருப்பார்கள். காலையில் இரண்டு, இரவில் இரண்டு என்று நேரத்தைச் சொல்லி எழுதினாலே இந்தக் குழப்பத்தின் பெரும்பகுதி தீர்ந்துவிடும்.

சில மருந்துகளில் இந்தக் குழப்பம் உயிரையே எடுத்துவிடும். முடக்குவாதத்துக்குத் தரப்படும் மெத்தோட்ரெக்சேட் மாத்திரையை வாரத்துக்கு ஒருமுறைதான் எடுக்க வேண்டும். வழக்கமான பழக்கத்தில் தினமும் விழுங்கி, எலும்பு மஜ்ஜை செயலிழந்து இறந்தவர்கள் பல நாடுகளின் பதிவுகளில் இருக்கிறார்கள். இங்கே "வாரம் ஒருமுறை" என்று மட்டும் சொல்வதை நான் ஏற்கவே மாட்டேன். கிழமையை அவரையே தேர்ந்தெடுக்கச் சொல்லி அதைச் சீட்டில் எழுத வேண்டும். தினமும் எடுத்தால் என்ன ஆகும் என்று ஒளிக்காமல் சொல்ல வேண்டும். மாத்திரையை எடுத்துக் கொடுப்பவர் வேறொருவர் என்றால் அவரையும் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொல்ல வேண்டும்.

குழந்தைகளுக்கான திரவ மருந்தும் அப்படித்தான். 2016-இல் அமெரிக்காவில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட பெற்றோரை வைத்து நடந்த சோதனையில் 84 சதவீதம் பேர் ஒருமுறையாவது அளவில் தவறினார்கள். சிரிஞ்சு வைத்து அளந்தவர்களைவிட மூடி போன்ற சிறு கோப்பையில் அளந்தவர்களிடம் தவறு பல மடங்கு அதிகம். எனவே மில்லிலிட்டர் கணக்கில் மட்டும் சொல்லி, ஊசியில்லாத சிரிஞ்சைக் கையில் கொடுத்து, எந்தக் கோடு வரை இழுக்க வேண்டும் என்று பேனாவால் குறித்துக் கொடுத்துவிடுங்கள். சமையலறைக் கரண்டியைப் பற்றிப் பேச்சே எடுக்க வேண்டாம்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். "புரிந்ததா?" என்று கேட்பதை விட்டுவிடுங்கள். அதற்கு ஒரே ஒரு விடைதான் உண்டு. "புரியவில்லை" என்று சொல்பவர் தன்னை மந்தமானவராகக் காட்டிக்கொள்ள வேண்டும், உங்களையும் தாமதப்படுத்த வேண்டும், பின்னால் வரிசையில் நிற்பவர்களின் பார்வையையும் தாங்க வேண்டும். யாராக இருந்தாலும் தலையாட்டிவிட்டுத்தான் போவார். அதற்குப் பதிலாக, நீங்கள் சொன்னதை அவர் தன் சொற்களில் திருப்பிச் சொல்லவோ செய்து காட்டவோ வேண்டும். தவறு இருந்தால் நீங்கள் வேறு விதமாக விளக்கி, மீண்டும் கேட்க வேண்டும். சரியாக வரும்வரை இந்தச் சுற்று தொடரும். அவ்வளவுதான் முறை. ஆனால் எப்படிக் கேட்கிறோம் என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. தேர்வு வைப்பதுபோல் கேட்டால் கெட்டுவிடும்.

இன்ஹேலரை எடுத்துக்கொள்வோம். மூச்சுத்திணறல் குறைந்து வீட்டுக்குப் போகத் தயாராக இருக்கும் ஓர் அம்மா. செவிலியர் எல்லாப் படிகளையும் சொல்லிச் செய்தும் காட்டிவிட்டார். பிறகு கேட்கிறார்: "அம்மா, இதை நான் சரியாகச் சொல்லிக்கொடுத்தேனா என்று எனக்குத் தெரிய வேண்டும். வீட்டில் இருக்கும்போது மூச்சு வாங்குகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். எப்படி எடுப்பீர்கள், ஒருமுறை செய்து காட்டுங்களேன்." அந்த அம்மா மூடியைக் கழற்றுகிறார். குலுக்கவில்லை. வாயை அகலத் திறந்து, அடுத்தடுத்து இரண்டு முறை அழுத்துகிறார். அதன் பிறகே மூச்சை இழுக்கிறார். உதட்டோரத்திலிருந்து வெண்புகையாக மருந்து வெளியே போகிறது. நிமிர்ந்து, "சரிதானே?" என்கிறார். அவர் முகத்தில் முழு நம்பிக்கை தெரிகிறது. இந்த நொடி இல்லாமல் அவர் வீட்டுக்குப் போயிருந்தால் மருந்தில் பெரும்பகுதி நாக்கிலும் தொண்டையிலும் ஒட்டிக்கொண்டிருக்கும், நுரையீரலுக்குப் போய்ச் சேர்ந்திருக்காது. "மருந்து வேலை செய்யவில்லை" என்று திரும்பி வந்திருப்பார். நாமும் மருந்தின் அளவைக் கூட்டியிருப்போம்.

செவிலியர் "தப்பு" என்று சொல்லவில்லை. "நேராகப் பிடித்தீர்கள், நன்றாக இருக்கிறது. ஓர் இடத்தை நான் இன்னும் தெளிவாகச் சொல்லியிருக்க வேண்டும். முதலில் குலுக்குவோம். பிறகு உள்ளே இருக்கும் காற்றை மெதுவாக வெளியே விடுவோம். உதட்டை இறுக்கி மூடி, மூச்சை உள்ளே இழுக்கத் தொடங்கும்போதே ஒரே ஒரு முறை அழுத்துவோம். பத்து எண்ணும்வரை அடக்கி வைப்போம். இன்னொன்று தேவையென்றால் சிறிது நேரம் விட்டு எடுப்போம்" என்று சொல்லி, தானும் கூடவே செய்கிறார். இரண்டாவது முறை அழுத்தம் சரியாக வந்தது, மூச்சை அடக்குவது வரவில்லை. மூன்றாவது முறை எல்லாம் வந்துவிட்டது. ஒரு சில நிமிடங்கள்கூட ஆகவில்லை.

"நேரம் எங்கே இருக்கிறது?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். 2003-இல் அமெரிக்காவில் சர்க்கரை நோயாளிகளோடு மருத்துவர்கள் பேசியதை ஒலிப்பதிவு செய்து ஆராய்ந்தார்கள். புதிதாகச் சொன்ன செய்திகளில் ஏறக்குறைய எட்டில் ஒன்றைத்தான் நோயாளிக்குப் புரிந்ததா என்று மருத்துவர்கள் சரிபார்த்தார்கள். அப்படிச் சரிபார்த்த மருத்துவர்களின் நோயாளிகளுக்கு ரத்தச் சர்க்கரை கட்டுக்குள் இருந்தது மிகுதி. சரிபார்த்ததால் சந்திப்பின் நேரம் நீண்டுவிடவும் இல்லை. இதேபோல நோயாளியைப் பேசவிட்டால் நிறுத்தவே மாட்டார் என்ற பயமும் வீண். 1984-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், நோயாளி பேசத் தொடங்கிச் சராசரியாக 18 நொடியில் மருத்துவர் குறுக்கிட்டுவிட்டார். சுவிட்சர்லாந்தில் குறுக்கிடாமல் விட்டுப் பார்த்தபோது நோயாளிகள் தாமாகப் பேசியது சராசரியாக ஒன்றரை நிமிடம். பெரும்பாலோர் இரண்டு நிமிடத்துக்குள் முடித்துவிட்டார்கள். அந்த இரண்டு நிமிடத்தில் அவர் எதை நம்புகிறார், எதற்குப் பயப்படுகிறார் என்று தெரிந்துவிட்டால், நீங்கள் விளக்க வேண்டியதில் பாதி குறைந்துவிடும்.

ஒன்றைத் தனியாகச் சொல்ல வேண்டும். புரிந்தும் செய்ய முடியாதவர்கள் உண்டு. மூன்று வேளை மருந்தை இரவுப் பணிக்குப் போகிறவர் எப்போது எடுப்பார்? குளிர்பதனப் பெட்டி இல்லாத வீட்டில் இன்சுலினை எங்கே வைப்பார்கள்? "நான் சொன்னதில் உங்களுக்குச் செய்யக் கடினமாக இருப்பது எது?" என்று கேட்டால் இவை வெளியே வரும். இதைக் கேட்காமல் "சொன்னபடி கேட்பதில்லை" என்று குறிப்பேட்டில் எழுதுவது அநியாயம்.

அடுத்து எண்கள். மருத்துவச் செய்திகளில் மக்களை மிகவும் அலைக்கழிப்பவை இவைதான், படித்தவர்களையும் சேர்த்து. 1995 அக்டோபரில் பிரிட்டனில் மருந்துப் பாதுகாப்புக் குழு ஓர் எச்சரிக்கை விடுத்தது: புதிய வகைக் கருத்தடை மாத்திரைகளால் ரத்தம் உறையும் ஆபத்து இரு மடங்காகிறது. செய்தி உண்மைதான். ஆனால் எதன் இரு மடங்கு? பழைய வகையில் 7,000 பெண்களில் ஒருவருக்கு வந்தது, புதிய வகையில் இருவருக்கு வந்தது. கணக்கு அவ்வளவுதான். "இரு மடங்கு" என்ற சொல்லைக் கேட்டுப் பெருந்திரளான பெண்கள் மாத்திரையை நிறுத்தினார்கள். அடுத்த ஆண்டில் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் கருக்கலைப்புகள் ஏறத்தாழ 13,000 கூடின என்று மதிப்பிடப்பட்டது. கருவுற்றிருக்கும்போது ரத்தம் உறையும் ஆபத்து மாத்திரையால் வருவதைவிட அதிகம் என்பதை எண்ணிப் பார்த்தால் இந்தத் துயரம் இன்னும் கனக்கிறது. பொய்யே இல்லாத ஓர் அறிவிப்பு இவ்வளவு பேரைக் காயப்படுத்தியது.

மருத்துவர்களும் இதில் தப்பவில்லை. மார்பகப் புற்றுநோய்க்கான எக்ஸ்ரே பரிசோதனையில் ஒரு பெண்ணுக்கு நோய் இருக்கலாம் என்று முடிவு வந்தால், உண்மையிலேயே நோய் இருக்கும் வாய்ப்பு எவ்வளவு? ஜெர்மன் உளவியலாளர் கெர்ட் கிகரன்சர் 160 மகளிர் நல மருத்துவர்களிடம் வேண்டிய சதவீதங்களைக் கொடுத்துக் கேட்டார். சரியான விடையைத் தேர்ந்தவர்கள் 21 சதவீதம்தான். அதே கணக்கை ஆட்களாக மாற்றிச் சொல்லிப் பாருங்கள். 1,000 பெண்களில் 10 பேருக்கு நோய் இருக்கிறது. அந்தப் பத்தில் ஒன்பது பேரைப் பரிசோதனை கண்டுபிடிக்கிறது. நோயில்லாத 990 பேரில் 89 பேருக்கும் தவறாக "இருக்கிறது" என்று காட்டுகிறது. ஆக, இருப்பதாகக் காட்டியவர்கள் 98 பேர், உண்மையில் நோயுள்ளவர்கள் 9 பேர், அதாவது ஏறக்குறைய பத்தில் ஒருவர். இப்படிக் கணக்கிடக் கற்றுக்கொண்ட பிறகு 87 சதவீத மருத்துவர்கள் சரியாகச் சொன்னார்கள். அவர்களுக்கே இந்த உதவி தேவைப்பட்டது என்றால், முடிவைக் கையில் வைத்துக்கொண்டு இரவெல்லாம் விழித்திருக்கும் பெண்ணுக்கு எவ்வளவு தேவைப்படும்!

ஆகவே சதவீதத்தைத் தவிர்த்து ஆட்களைச் சொல்லுங்கள். அடியில் வரும் எண்ணை மாற்றாதீர்கள்; ஒன்றுக்கு "ஆயிரத்தில் மூவர்", இன்னொன்றுக்கு "இருநூறில் ஒருவர்" என்றால் எது பெரிது என்று யாருக்கும் சட்டென்று பிடிபடாது. நன்மை, தீமை இரண்டையும் சொல்லுங்கள். நூறு பேரில் 90 பேர் பிழைக்கிறார்கள் என்று சொன்னால் அறுவைச் சிகிச்சைக்குச் சம்மதிப்பவர்கள், 10 பேர் இறக்கிறார்கள் என்றால் தயங்குகிறார்கள். 1982-இலேயே இது சோதிக்கப்பட்டது, மருத்துவர்களும் இதே தடுமாற்றத்தைக் காட்டினார்கள். இரண்டையும் ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டால் முடிவு நோயாளியுடையதாக இருக்கும்.

பொதுமக்களோடு பேசுவதற்கு வருகிறேன். சுவரொட்டி ஒட்டினோம், கூட்டம் நடத்தினோம், எத்தனை துண்டறிக்கை கொடுத்தோம் என்று கணக்குக் காட்டுவது எங்கும் நடக்கிறது. எத்தனை பேருக்கு அது கைவந்தது என்று கணக்குக் காட்டிய ஒரு பெரிய முயற்சி உண்டு. உப்பும் சர்க்கரையும் கரைத்த நீர் வயிற்றுப்போக்கில் உயிர் காக்கும் என்பது 1968-இல் டாக்காவில் நடந்த சோதனையில் உறுதியானது. 1971-இல் வங்கதேச அகதிகள் முகாமில் மருத்துவர் திலீப் மகலனாபிஸ் அதைப் பெருமளவில் பயன்படுத்தி இறப்பைக் கடுமையாகக் குறைத்துக் காட்டினார். ஆனால் கிராம வீடுகளுக்கு அது போய்ச் சேரவில்லை. 1980 முதல் 1990 வரை வங்கதேசத்தில் பிராக் என்ற தொண்டு நிறுவனம் வீடு வீடாகப் பெண் பணியாளர்களை அனுப்பி, ஒரு கோடிக்கும் அதிகமான வீடுகளில் தாய்மாருக்குச் சொல்லிக்கொடுத்தது. மூன்று விரலால் எடுக்கும் உப்பு, ஒரு கைப்பிடி வெல்லம், அளந்த தண்ணீர். அந்தத் தாய் தன் வீட்டுப் பாத்திரத்தில் தானே கலக்க வேண்டும்.

அந்தத் திட்டத்தின் உயிர்நாடி சம்பள ஏற்பாட்டில் இருந்தது. சில வாரங்கள் கழித்து வேறொருவர் வந்து, சொல்லிக்கொடுத்த வீடுகளில் சிலவற்றைத் தேர்ந்து, அந்தத் தாய்க்கு என்ன நினைவிருக்கிறது என்று கேட்பார்; கரைசலைக் கலக்கச் சொல்லி ஆய்வகத்தில் உப்பின் அளவைச் சோதிப்பார்கள். தாய்மார் எவ்வளவு நன்றாகச் செய்கிறார்களோ அதைப் பொறுத்தே பணியாளருக்கு ஊதியம். எத்தனை வீட்டுக்குப் போனார் என்பது கணக்கில் வரவில்லை. நான் மேலே சொன்ன இன்ஹேலர் காட்சியை ஒரு நாட்டின் அளவுக்குப் பெரிதாக்கியது போன்றது இது. தொடக்கத்தில் இன்னொரு பாடமும் கிடைத்தது. கற்றுக்கொண்ட தாய்மாரில் பலர் தேவைப்படும்போது அதைப் பயன்படுத்தவில்லை. காரணம் தேடியபோது, சொல்லிக்கொடுத்தவர்களிலேயே பலர் தமக்கு வயிற்றுப்போக்கு வந்தால் மாத்திரையைத்தான் நாடினார்கள் என்பது தெரியவந்தது. தான் நம்பாததை ஒருவர் சொல்லும்போது கேட்பவருக்கு அது தெரிந்துவிடுகிறது. வீட்டு ஆண்களிடம் யாரும் பேசாததும் இன்னொரு காரணம். பணியாளர்களுக்கு அந்த மருத்துவத்தின் அடிப்படையை முழுதாக விளக்கினார்கள், ஆண்களுக்கும் தனியாகக் கூட்டம் போட்டார்கள். அதற்குப் பிறகு பயன்பாடு ஏறியது.

நம்பிக்கை இல்லாத இடத்தில் தெளிவான சொற்களால் மட்டும் எதுவும் நடக்காது. 2014-இல் கினி, லைபீரியா, சியரா லியோன் நாடுகளில் எபோலா பரவியபோது, தொடக்கத்தில் பரப்பப்பட்ட செய்திகளில் ஒன்று "இந்த நோய்க்கு மருந்து கிடையாது" என்பது. அதைக் கேட்ட குடும்பங்கள், அப்படியானால் முகாமுக்கு ஏன் அனுப்ப வேண்டும், வீட்டிலேயே நாம் பார்த்துக்கொள்வோம் என்று முடிவுசெய்ததில் என்ன தவறு? இறந்தவரைத் தொட்டுக் குளிப்பாட்டும் சடங்கைத் தடைசெய்தபோது மக்கள் உடல்களை மறைத்தார்கள். உறவினர்களையும் சமயத் தலைவர்களையும் சேர்த்துக்கொண்டு, தொடாமலேயே மரியாதையாக அடக்கம் செய்யும் வழிமுறையை 2014 நவம்பரில் உலகச் சுகாதார நிறுவனம் வெளியிட்டது. அந்த ஏற்பாடு மக்களிடம் கேட்டுச் செய்யப்பட்டதால் நிலைத்தது. நைஜீரியாவின் கானோ மாநிலத்தில் 2003-இல் போலியோ சொட்டு மருந்து நிறுத்தப்பட்டதையும் அறியாமை என்று சுருக்கிவிட முடியாது. அதே ஊரில் 1996-இல் குழந்தைகளிடம் நடந்த ஒரு மருந்துச் சோதனையின் கசப்பு அங்கே ஆறாமல் இருந்தது. கானோவைப் போலவே முஸ்லிம்கள் பெரும்பான்மையாக வாழும் இந்தோனேசியாவிலிருந்து மருந்தைத் தருவித்த பிறகே 2004-இல் மீண்டும் தொடங்கினார்கள். அதற்குள் போலியோ ஒழிந்திருந்த பல நாடுகளுக்குத் தொற்று போய்விட்டது.

உறுதியாகத் தெரியாததைச் சொல்லும் முறைக்கும் நம்பிக்கையில் பங்குண்டு. கோவிட் தொற்றின் தொடக்கத்தில் பொதுமக்களுக்கு முகக்கவசம் தேவையில்லை என்ற தொனியில் பேசப்பட்டது. 2020 ஜூன் 5 அன்று உலகச் சுகாதார நிறுவனம் அறிவுரையை மாற்றியது. சான்றுகள் மாறும்போது அறிவுரையும் மாறத்தான் வேண்டும். "இன்று தெரிந்தது இது, இன்னும் தெரியாதது இது, தெரிந்துகொள்ள இதைச் செய்கிறோம், மாறினால் முதலில் உங்களிடம் சொல்வோம்" என்று முதல் நாளே சொல்லியிருந்தால், மாற்றத்தைப் பலர் ஏமாற்றாகப் பார்த்திருக்க மாட்டார்கள். வதந்தியோடு வருபவரிடமும் உடனே மறுப்பில் இறங்காதீர்கள். "எங்கே கேள்விப்பட்டீர்கள்? அதில் உங்களுக்குப் பயமாக இருப்பது எது?" என்று கேளுங்கள். உண்மையை முதலில் சொல்லி, வதந்தி எங்கே பிசகுகிறது என்று காட்டி, உண்மையை மறுபடி சொல்லி முடியுங்கள். வதந்தியையே தலைப்பாகப் போட்டுச் சுவரொட்டி அடித்தால் மனத்தில் நிற்பது வதந்திதான்.

கடைசியாக, உங்கள் துண்டறிக்கை. அதை எழுதியவர்களும் திருத்தியவர்களும் மருத்துவர்களாக மட்டும் இருந்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். அடுத்த பதிப்பை அச்சுக்கு அனுப்புமுன் அந்த நோயுள்ள ஐந்தாறு பேரிடம், அவர்களில் வாசிக்கச் சிரமப்படும் ஒருவரும் இருக்கும்படி, தனித்தனியாகக் கொடுங்கள். "நன்றாக இருக்கிறதா?" என்று கேட்காதீர்கள். "இதைப் படித்த பிறகு நாளைக் காலையில் என்ன செய்வீர்கள்? எந்த அறிகுறி வந்தால் எங்களைக் கூப்பிடுவீர்கள்? எந்த எண்ணுக்கு?" என்று கேளுங்கள். இருவர் ஒரே இடத்தில் தடுமாறினால் அந்த வரியை நீங்கள் மாற்றி எழுத வேண்டும். வார்டிலும் ஒரு குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள். திருப்பிச் சொல்லும்போது நோயாளிகள் எதைத் தவறாகச் சொன்னார்கள் என்று ஒவ்வொரு நாளும் ஒரு வரி, யாருடைய பெயரும் இல்லாமல். ஒரு மாதம் கழித்து அதைப் புரட்டினால் திரும்பத் திரும்ப வரும் நான்கைந்து தவறுகள் கண்ணில் படும். அவற்றுக்கான விளக்கத்தை எல்லாச் செவிலியர்களும் மருந்தாளுநரும் கூடி உட்கார்ந்து மாற்றுங்கள். எல்லாருக்கும் ஒரே நாளில் தொடங்க வேண்டாம். வீட்டுக்குப் போகிறவர்களில் இன்சுலின் போட்டுக்கொள்ள வேண்டியவர்களை மட்டும் முதலில் எடுத்துக்கொள்ளுங்கள். அவர்கள் எல்லோரும் உங்கள் கண்முன்னே ஊசியில் மருந்தை இழுத்துக் காட்டிவிட்டுப் போகட்டும்.